மைக்ரோவேவில் சீஸ் காய்கறி ஆம்லெட்: தண்ணீர் விடாமல், இறுகிப் போகாமல் செய்ய முழு வழிகாட்டி

மைக்ரோவேவில் ஆம்லெட் நன்றாக வராது என்று சொல்பவர்கள் பெரும்பாலும் ஒரே வேலையைத்தான் செய்திருப்பார்கள். கோப்பையில் இரண்டு முட்டையை உடைத்து ஊற்றி, கையில் கிடைத்த காயை எல்லாம் நறுக்கிப் போட்டு, மூன்று நிமிடம் என்று பட்டனை அழுத்திவிட்டு வேறு வேலை பார்க்கப் போயிருப்பார்கள். திரும்பி வந்து பார்த்தால் ஓரமெல்லாம் இறுகி, நடுவில் இன்னும் கொழகொழவென்று, அடியில் மஞ்சளாகத் தண்ணீர் தேங்கி, மேலே சீஸ் எண்ணெய் கக்கிக்கொண்டு கிடக்கும். இதில் கருவியைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. முட்டை மிதமான சூட்டிலேயே வெந்துவிடும், மைக்ரோவேவ் கண்மூடித் திறப்பதற்குள் சூடேற்றிவிடும். ஆகவே எப்போது நிறுத்துகிறோம், காயிலிருந்து எவ்வளவு தண்ணீர் முட்டைக்குள் போகிறது, இந்த இரண்டில்தான் ஆம்லெட் நன்றாக வருவதும் கெடுவதும். கீழே எழுதியிருப்பது எல்லாம் இந்த இரண்டைச் சுற்றித்தான்.

காய் நறுக்குவதிலிருந்து தட்டில் போடுவது வரை பத்து நிமிட வேலை. அதில் முட்டை மைக்ரோவேவுக்குள் இருக்கும் நேரம் 2 நிமிடம்கூட வராது. ஒன்றை மட்டும் முன்னாடியே சொல்லிவிடுகிறேன்: வாணலியில் போட்ட ஆம்லெட்டின் பொன்னிறமும் முறுகலும் இதில் கிடைக்காது. அந்த நிறமும் மணமும் வர முட்டையின் மேற்பரப்பு 140 டிகிரி செல்சியஸ் பக்கம் போக வேண்டும். மைக்ரோவேவில் சூடாவது பெரும்பாலும் பொருளுக்குள் இருக்கும் தண்ணீர், அந்த ஈரம் இருக்கும்வரை 100 டிகிரியைத் தாண்டாது. இங்கே வருவது மெத்தென்ற, ஆவியில் வெந்த மாதிரியான மஞ்சள் ஆம்லெட். முறுகல்தான் வேண்டும் என்றால் அடுப்பைப் பற்றவைப்பதே நல்லது. அவசரத்துக்கு, குறைந்த எண்ணெயில், ஒரே பாத்திரத்தில் முடிய வேண்டும் என்றால் மேலே படியுங்கள்.

பாத்திரம்

கோப்பையில் செய்யும் முறை எல்லோருக்கும் தெரிந்ததுதான், ஆனால் எனக்கு அதில் அவ்வளவு பிடிப்பு இல்லை. இரண்டு முட்டையும் காயும் ஒரு கோப்பையில் 4 செ.மீ. உயரத்துக்கு நிற்கும். மைக்ரோவேவ் அலை வெளிப்புறத்திலிருந்து இரண்டு மூன்று சென்டிமீட்டர் வரைதான் நன்றாக இறங்கும், நடுப்பகுதி ஓரத்துச் சூடு கடத்தப்பட்டுத்தான் வேக வேண்டும். அதுவரை ஓரம் காத்திருக்காது, வெந்து, அதிகமாக வெந்து, தண்ணீரும் விட ஆரம்பித்துவிடும். அதே கலவையை 18 முதல் 20 செ.மீ. அகலமுள்ள, அடி தட்டையான கண்ணாடி அல்லது பீங்கான் பாத்திரத்தில் ஊற்றினால் 1 செ.மீ. உயரம்கூட வராது. எல்லா இடத்திலும் ஏறத்தாழ ஒரே நேரத்தில் வேகும், மடிக்கவும் வரும். பாத்திரத்தின் சுவர் 4, 5 செ.மீ. உயரமாவது இருக்கட்டும், ஏனென்றால் முட்டை உள்ளே பொங்கி எழும். சதுரப் பாத்திரம் வேண்டாம், மூலைகளில் மட்டும் சூடு கூடி அங்கே முதலில் காய்ந்துபோகும்.

கோப்பைதான் இருக்கிறது என்றால் 350 மில்லியாவது கொள்ளும் கோப்பையாகப் பாருங்கள். கலவை பாதிக்கு மேல் போகக் கூடாது.

பொன், வெள்ளிக் கோடு போட்ட பீங்கான் தட்டு அழகாக இருக்கும், உள்ளே வைத்தால் பொறி பறக்கும். மெலமைன் தட்டும் கூடாது. பிளாஸ்டிக் என்றால் மைக்ரோவேவுக்கு ஏற்றது என்று அடியில் குறி இருக்க வேண்டும், அப்படி இருந்தாலும் சீஸும் வெண்ணெயும் சேரும் சமையலுக்கு நான் கண்ணாடியைத்தான் எடுப்பேன். குறி ஏதும் இல்லாத பீங்கான் பாத்திரத்தைச் சோதிக்க எளிய வழி ஒன்று உண்டு: காலிப் பாத்திரத்தையும், பக்கத்தில் ஒரு கண்ணாடிக் கோப்பைத் தண்ணீரையும் சேர்த்து வைத்து 1 நிமிடம் ஓட்டுங்கள். தண்ணீர் சூடாகி பாத்திரம் ஆறியே இருந்தால் சரி. பாத்திரம் சுட்டு, தண்ணீர் வெதுவெதுப்பாகவே இருந்தால் அதை அலமாரியிலேயே வைத்துவிடுங்கள்.

மூடியும் தேவை. இறுக்கமாக மூடக் கூடாது, ஆவி போக இடம் வேண்டும். கவிழ்த்து வைத்த இன்னொரு தட்டே போதும், சற்றுத் தள்ளி வைத்தால் இடைவெளி கிடைத்துவிடும்.

உங்கள் மைக்ரோவேவ் எத்தனை வாட்?

இதைத் தெரிந்துகொள்ளாமல் எந்தக் குறிப்பில் எழுதிய நேரத்தையும் நம்ப முடியாது, இந்தக் குறிப்பு உட்பட. கதவின் உள்பக்கத்திலோ பின்னாலோ ஒட்டியிருக்கும் சீட்டில் இரண்டு எண் இருக்கும். பெரிய எண், 1200 அல்லது 1400 என்று இருப்பது, கருவி இழுக்கும் மின்சாரம். சமையலுக்குக் கணக்கு சிறிய எண்தான், அவுட்புட் என்று போட்டிருப்பார்கள், வீட்டுக் கருவிகளில் 700 முதல் 1100 வரை இருக்கும். சீட்டு கிழிந்துபோயிருந்தால் தண்ணீரை வைத்துக் கண்டுபிடிக்கலாம்: 1 லிட்டர் தண்ணீரின் வெப்பநிலையைப் பார்த்துக்கொண்டு, முழு பவரில் 2 நிமிடம் வைத்து, கலக்கி மறுபடி பாருங்கள். எத்தனை டிகிரி செல்சியஸ் ஏறியதோ அதை 35-ஆல் பெருக்கினால் வாட். 20 டிகிரி ஏறியிருந்தால் 700 வாட், 23 ஏறியிருந்தால் ஏறத்தாழ 800.

கீழே நான் சொல்லும் நேரம் எல்லாம் 800 வாட்டுக்கு. 1000 வாட் என்றால் ஐந்தில் ஒரு பங்கு குறையுங்கள், அதாவது 30 விநாடி என்பது 24. 700 வாட் என்றால் 30 என்பது 34, 35.

பவரைக் குறைப்பது பற்றியும் ஒரு வார்த்தை. 50 சதவீதம் என்று வைத்தால் சாதாரண மைக்ரோவேவ் பாதி வலுவில் ஓடுவதில்லை. கொஞ்ச நேரம் முழு வலுவில் ஓடி, கொஞ்ச நேரம் சும்மா இருந்து, மறுபடி ஓடும். காது கொடுத்துக் கேட்டால் உறுமல் ஏறி இறங்குவது தெரியும். பல கருவிகளில் இந்த ஒரு சுற்றுக்கே 20, 30 விநாடி ஆகும், அதனால் 15 விநாடிக்குப் பாதி பவர் வைப்பதில் அர்த்தமே இல்லை, முழு வலுவிலேயே ஓடி முடித்திருக்கும். இன்வெர்ட்டர் வகையில் இந்தத் தொல்லை இல்லை, அது நிஜமாகவே வலுவைக் குறைத்து ஓடும். உங்களுடையது சாதாரண வகை என்றால் கடைசிக் கட்டச் சிறு சிறு ஓட்டங்களுக்கு முழு பவரில் 10 விநாடி வைத்து, நிறுத்தி, 10 விநாடி விட்டு, மறுபடி வைப்பதே கைக்குள் அடங்குகிற வழி.

என்னென்ன வேண்டும்

ஒருவருக்கு: பெரிய முட்டை 2, பால் 2 மேசைக்கரண்டி, பொடியாக நறுக்கிய காய் எல்லாம் சேர்த்து அரை கப், துருவிய சீஸ் 30 கிராம் (தளர்வாக அள்ளினால் கால் கப்புக்குச் சற்று மேல்), வெண்ணெய் அல்லது எண்ணெய் 1 தேக்கரண்டி, உப்பு இரண்டு சிட்டிகை, மிளகுத்தூள் விருப்பம்போல.

உப்பைக் குறைவாகச் சொன்னதற்குக் காரணம் சீஸிலேயே உப்பு இருப்பதுதான். பால் கட்டாயமில்லை, ஆனால் இந்த முறையில் நான் அதை விடமாட்டேன்; பால் சேர்ந்தால் முட்டை உறைகிற வெப்பநிலை கொஞ்சம் மேலே போகும், அதனால் இறுகிப்போவதற்கு முன் நமக்குச் சில விநாடி கூடுதலாகக் கிடைக்கும். அடுப்பில் அந்தச் சில விநாடி பெரிதல்ல, இங்கே பெரிது. அதற்காக நிறைய ஊற்றிவிடாதீர்கள், முட்டைக்கு ஒரு மேசைக்கரண்டிக்கு மேல் போனால் உறையாமல் தளதளவென்று நிற்கும்.

காயை முதலில் தனியாக

பெரும்பாலானவர்கள் தாவிப் போவது இந்தப் படியைத்தான், அடியில் தண்ணீர் தேங்குவதற்கு முக்கியக் காரணமும் இதுதான். தக்காளியில் எடைக்கு நூற்றுக்கு 94, 95 பங்கு தண்ணீர். காளானிலும் குடைமிளகாயிலும் 90-க்கு மேல், பசலைக்கீரையிலும் அப்படியே, வெங்காயத்தில் ஏறத்தாழ 89. முட்டை வேகிற நேரத்துக்குள் இந்தக் காய்கள் முழுதாக வெந்து ஈரத்தை வெளியேற்றி முடிக்காது, ஆனால் வெளியேற்ற ஆரம்பித்துவிடும். அது போவதற்கு வேறு இடம் இல்லாமல் முட்டைக்குள்தான் இறங்கும்.

அதனால் காயை முதலில் தனியாக வேகவைத்து, தண்ணீரை வடித்துவிட்டுத்தான் முட்டையோடு சேர்க்க வேண்டும். நறுக்கும்போது பச்சைப் பட்டாணி அளவைவிடப் பெரிதாக விடாதீர்கள். வெங்காயம், குடைமிளகாய், காளான் என்றால் அதே ஆம்லெட் பாத்திரத்தில் வெண்ணெயோடு போட்டு, மூடி, முழு பவரில் 60 முதல் 90 விநாடி. திறந்தால் வெங்காயம் கண்ணாடி நிறத்துக்கு வந்திருக்கும், காளான் சுருங்கி அதைச் சுற்றிச் சாம்பல் நிறத் தண்ணீர் நிற்கும். பாத்திரத்தைச் சாய்த்துக் கரண்டியால் காயை ஒதுக்கிப் பிடித்து அந்தத் தண்ணீரை வடியுங்கள், பிறகு தாளாலோ சுத்தமான துணியாலோ ஒற்றி எடுங்கள். வெண்ணெயும் கொஞ்சம் கூடவே போய்விடும், அதனால் பாத்திரத்தில் மறுபடி சிறிது தடவிக்கொள்ள வேண்டியிருக்கும்.

பசலைக்கீரைக்கு எண்ணெயே வேண்டாம். அலசின ஈரத்தோடு கிண்ணத்தில் போட்டு மூடி 40, 45 விநாடி வைத்தால் ஒரு கை நிறைய இருந்தது ஒரு கரண்டி அளவுக்கு வற்றிவிடும். ஆறியதும் உள்ளங்கையில் வைத்து நன்றாகப் பிழிய வேண்டும், இனி ஒரு சொட்டும் வராது என்று தோன்றிய பிறகு இன்னொரு தடவை. உறைந்த காய்கறிப் பையிலிருந்து எடுப்பதானால் அதையும் இதே மாதிரி சூடாக்கி, வடித்து, ஒற்றி எடுக்க வேண்டும், ஐஸோடு நேராக முட்டையில் கொட்டினால் அந்த இடம் மட்டும் வேகாமல் நிற்கும்.

தக்காளியை வேகவைக்க வேண்டாம். உள்ளே இருக்கும் விதையையும் கூழையும் வழித்துப் போட்டுவிட்டு, சதையை மட்டும் நறுக்கி, கடைசியில் சீஸோடு மேலே தூவுங்கள். கேரட், பீன்ஸ், புரோக்கோலி எல்லாம் கெட்டியானவை, ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் தெளித்து மூடி 2 நிமிடம் வரை வேண்டும். கேரட்டைத் துருவிவிட்டால் பாதி நேரம் போதும். உருளைக்கிழங்கு ஏற்கெனவே வெந்தது இருந்தால் மட்டும். வெங்காயத்தாள், கொத்தமல்லி, பச்சை மிளகாய் மாதிரி மணத்துக்குச் சேர்ப்பவற்றைப் பச்சையாகவே முட்டையில் கலந்துவிடலாம்.

எத்தனை காய் சேர்க்கலாம்? இரண்டு அல்லது மூன்று. அதற்கு மேல் போனால் முட்டை காயைப் பிடித்து நிற்க முடியாது, மடிக்கும்போது உதிரும்.

முட்டையை அடிப்பது

தனிக் கிண்ணத்தில் முட்டையை உடைத்து, பால், உப்பு, மிளகு போட்டு, முள்கரண்டியால் வெள்ளைக் கரு இழை தெரியாத வரைக்கும் அடியுங்கள். அரை நிமிடம் ஆகும். முள்கரண்டியைத் தூக்கினால் கொழகொழவென்று ஒரு கயிறு தொங்கக் கூடாது, சொட்டுச் சொட்டாக விழ வேண்டும். வெள்ளைக் கருவும் மஞ்சள் கருவும் வெவ்வேறு சூட்டில் உறைபவை, வெள்ளை 60 டிகிரியைத் தாண்டியதும் உறையத் தொடங்கும், மஞ்சளுக்கு 65 முதல் 70 வேண்டும். அரைகுறையாக அடித்தால் ஆம்லெட்டில் அங்கங்கே வெள்ளைத் திட்டு இறுகிக் கிடக்கும். நுரை பொங்க அடிக்கவும் வேண்டாம், அந்த நுரை மேலே காய்ந்த படலமாக நிற்கும். உப்புப் போட்டு அடித்த முட்டை, காய் வேகிற நேரத்தில் சும்மா உட்கார்ந்திருந்தால் நல்லதுதான், இன்னும் மென்மையாக வரும்.

இந்த இடத்தில் ஒரு எச்சரிக்கை, ஆம்லெட்டுக்கு நேரடித் தொடர்பில்லை என்றாலும். ஓட்டோடு முட்டையை மைக்ரோவேவில் வைக்கவே கூடாது. உள்ளே ஆவி சேர்ந்து போக வழியில்லாமல் வெடிக்கும், சில சமயம் வெளியே எடுத்து ஓட்டைத் தொடும்போது வெடிக்கும், அதுதான் கூடுதல் ஆபத்து. 1945 வாக்கில் அமெரிக்காவின் ரேதியான் நிறுவனத்தில் பெர்சி ஸ்பென்சர் இந்த அடுப்புக்கான முதல் சோதனைகளைச் செய்தபோதே ஒரு முட்டை வெடித்துப் பக்கத்தில் நின்றவர் முகத்தில் தெறித்ததாக ஒரு கதை சொல்வார்கள். உடைத்து ஊற்றிய முட்டையிலும் மஞ்சள் கரு முழுதாக இருந்தால் அதன் மேல் சவ்வு இதே வேலையைக் காட்டும். நாம் அடித்துவிடுவதால் ஆம்லெட்டில் அந்தப் பயம் இல்லை.

வேகவைப்பது

பாத்திரத்தின் அடியிலும் சுவரிலும் வெண்ணெய் தடவுங்கள், சுவரை மறந்தால் அங்கேதான் ஒட்டும். வடித்த காயைப் பரப்பி, முட்டைக் கலவையை மேலே ஊற்றுங்கள். சுழலும் தட்டின் சரியான நடுவில் வைக்காமல் சற்று ஓரமாக வையுங்கள். உள்ளே அலைகள் சில இடத்தில் வலுத்தும் சில இடத்தில் தளர்ந்தும் இருக்கும், நடுவில் வைத்த பாத்திரத்தின் மையம் சுற்றினாலும் ஒரே இடத்தில்தான் நிற்கும், ஓரத்தில் வைத்தது எல்லா இடத்துக்கும் போய் வரும்.

முதல் ஓட்டம்: மூடி, முழு பவரில் 30 விநாடி. திறந்து பார்த்தால் பெரிதாக ஒன்றும் நடந்த மாதிரி தெரியாது. ஓரத்தில் மட்டும் மெல்லிய வளையமாக உறைந்திருக்கும், நடுவில் பச்சை முட்டை. தட்டையான கரண்டியால் ஓரத்தில் உறைந்ததை நடுப்பக்கம் இழுத்துவிட்டு, பாத்திரத்தைச் சாய்த்து நடுவிலிருக்கும் நீர்த்த முட்டை ஓரத்துக்கு ஓடும்படி செய்யுங்கள்.

இரண்டாவது ஓட்டம்: 70 சதவீத பவரில் 30 விநாடி. பவரைக் குறைக்கும் வசதி சரியில்லை என்றால் முழு பவரில் 10 விநாடி, இடைவெளி, மறுபடி 10. இப்போது கதவுக் கண்ணாடி வழியே பார்த்தால் ஓரம் உப்பி எழுவது தெரியும். நிறுத்தி, மறுபடி ஓரத்தை நடுவுக்கு இழுங்கள், ஆனால் இந்தத் தடவை மெதுவாக, முட்டை பெரிய மடிப்பு மடிப்பாக இருக்க வேண்டும், பொடிமாஸ் ஆகிவிடக் கூடாது. பாதிக்கு மேல் உறைந்து, இடையிடையே கூழாக இருக்கும் நிலை.

மூன்றாவது ஓட்டத்திலிருந்து கரண்டியைப் போடாதீர்கள். மேற்பரப்பைச் சமமாக்கிவிட்டு 70 சதவீதத்தில் 20 விநாடி. வெளியே எடுத்துப் பாத்திரத்தை இலேசாக ஆட்டிப் பாருங்கள். மொத்தமாக அலைபாய்ந்தால் இன்னும் 10 விநாடி. ஓரம் அசையாமல் நின்று, நடுவில் ஒரு நாணயம் அகலத்துக்கு மட்டும் மேலே ஈரப் பளபளப்பு தெரிந்தால், அதுதான் நிறுத்த வேண்டிய இடம். பார்க்க வேகாத மாதிரி இருக்கும், இன்னொரு 20 விநாடி வைத்துவிடலாமே என்று கை போகும். வேண்டாம். சீஸுக்காக இன்னொரு தடவை உள்ளே போகப் போகிறது, வெளியே எடுத்த பிறகும் சூடு உள்ளே பரவிக்கொண்டுதான் இருக்கும்.

சமையல் வெப்பமானி வைத்திருப்பவர்களுக்கு: முடிவில் நடுப்பகுதி 71 டிகிரி செல்சியஸ் காட்ட வேண்டும், முட்டைப் பண்டங்களுக்குப் பாதுகாப்பான அளவு அது. 80-ஐத் தாண்டினால் முட்டையின் புரதம் இறுகி உள்ளிருக்கும் தண்ணீரைப் பிழிந்து வெளியே தள்ளும். அதாவது நமக்குக் கிடைக்கும் இடைவெளியே பத்து டிகிரிக்குள்தான், நின்று பார்க்கச் சொல்வது அதனால்தான். கர்ப்பிணிகள், சிறு குழந்தைகள், வயதானவர்கள், உடல்நலம் குன்றியவர்கள் சாப்பிடுவதானால் ஈரம் துளிகூடத் தெரியாத அளவுக்கு வேகவிடுங்கள், கொஞ்சம் இறுகினாலும் பரவாயில்லை.

சீஸ் எப்போது, எந்த சீஸ்

சீஸை முட்டையோடு கலந்து முதலிலிருந்தே வேகவிடுவது பலருக்குப் பழக்கம். அடுப்பில் அது தப்பித்துவிடும், இங்கே தப்பாது. சீஸில் கொழுப்பு இருப்பதால் சீக்கிரம் சூடேறும், அதிகமாகச் சூடானால் புரதம் சுருண்டு கொழுப்பைக் கைவிட்டுவிடும், மேலே எண்ணெய், கீழே நார். அதனால் மூன்றாவது ஓட்டம் முடிந்ததும் ஆம்லெட்டின் ஒரு பாதியில் மட்டும் சீஸைத் தூவி, தக்காளி இருந்தால் அதையும் போட்டு, மூடி, 10 முதல் 15 விநாடி. சீஸின் விளிம்பு மழுங்கி, நடுவில் இன்னும் துருவல் வடிவம் தெரிகிற நிலையில் எடுத்துவிடுங்கள். மூடியைத் திறக்காமல் 1 நிமிடம் வெளியே வையுங்கள், மிச்சத்தை ஆவி பார்த்துக்கொள்ளும்.

செடார் சுவைக்கு, மொசரெல்லா இழுவைக்கு. இரண்டையும் பாதிப் பாதி கலந்தால் எனக்குப் பிடித்த சேர்க்கை. ஸ்லைஸாக வரும் பதப்படுத்திய சீஸைக் கேவலமாகப் பேசுபவர்கள் உண்டு, ஆனால் மைக்ரோவேவுக்கு அது மிகவும் தோதானது, அதில் சேர்த்திருக்கும் உப்புகள் கொழுப்பைப் பிரியவிடாமல் பிடித்து வைத்திருக்கும், கொஞ்சம் நேரம் கூடினாலும் மழமழவென்றுதான் உருகும். துருவியே விற்கும் சீஸில் ஒட்டாமல் இருக்க மாவுப்பொருள் தூவியிருப்பார்கள், அது அவ்வளவு நேர்த்தியாக உருகாது. கட்டியாக வாங்கி அப்போதைக்குத் துருவிக்கொள்வது மேல். ஃபெட்டா, பனீர் இரண்டும் உருகவே உருகாது, சுவைக்காகப் போடலாம், பொடித்து முட்டையிலேயே கலந்துவிடலாம். பார்மேசான் ஒரு தேக்கரண்டி போதும், அதற்கு ஏற்ப உப்பைக் குறையுங்கள்.

1 நிமிடம் ஆனதும் பாத்திரத்தின் சுற்றோரம் கரண்டியை ஓட்டி, சீஸ் இல்லாத பாதியைத் தூக்கி மேலே மடித்து, தட்டில் சரித்துவிடுங்கள். பாத்திரம் நன்றாகச் சுடும், துணி பிடித்து எடுங்கள். பொங்கியிருந்தது அமுங்கிவிட்டதே என்று பதற வேண்டாம், உள்ளே இருந்த ஆவி போனால் அமுங்கத்தான் செய்யும்.

சரியாக வராவிட்டால்

அடியில் தண்ணீர் நிற்கிறதா? அதன் நிறத்தைப் பாருங்கள். காயின் நிறம் ஏறியிருந்தால் காயை வடித்தது போதவில்லை. வெளிறிய மஞ்சளாகத் தெளிந்து, ஆம்லெட்டும் சிறு சிறு ஓட்டையோடு இறுகியிருந்தால் அதிகம் வெந்துவிட்டது. மங்கலாகக் கொழகொழவென்று இருந்தால் அது வேகாத முட்டை, 10 விநாடி வைத்தால் சரியாகும். மூன்றையும் ஒன்றென்று நினைத்து இன்னும் கொஞ்சம் வேகட்டும் என்று வைத்தால் முதல் இரண்டும் இன்னும் மோசமாகும்.

ஓரம் இறுகி நடு வேகவில்லை என்றால் பாத்திரம் குறுகலாக இருக்கிறது, அல்லது முதல் இரண்டு ஓட்டத்தில் ஓரத்தை இழுத்துவிடவில்லை. ஒரு பக்கம் மட்டும் வேகாமல் நின்றால் தட்டு சுழல்கிறதா என்று பாருங்கள், பெரிய பாத்திரத்தின் விளிம்பு சுவரில் இடித்து நின்றுபோயிருக்கும். முட்டை பொங்கி வழிந்தால் பவர் கூடுதல். கந்தக நாற்றம் வந்தால் வெகுநேரம் வெந்துவிட்டது என்று அர்த்தம், அடுத்த தடவை அரை நிமிடம் குறையுங்கள். குளிர்பெட்டியிலிருந்து எடுத்த கையோடு செய்கிறீர்கள் என்றால் மொத்தத்தில் 10 விநாடி கூட ஆகலாம்.

இரண்டு பேருக்கு

நான்கு முட்டையை ஒரே பாத்திரத்தில் ஊற்றி நேரத்தை இரட்டிப்பாக்கலாமா என்று கேட்பார்கள். மைக்ரோவேவ் தருவது ஒரே அளவு ஆற்றல், பொருள் கூடினால் அதைப் பகிர்ந்துகொள்ளும், ஆகவே நேரம் ஏறத்தாழ இரட்டிப்பாகும் என்பது உண்மைதான். ஆனால் உயரமும் கூடிவிடுவதால் கோப்பையில் வந்த அதே தொல்லை திரும்ப வரும். காயை மொத்தமாக ஒரே தடவையில் வேகவைத்துக்கொண்டு, ஆம்லெட்டை இரண்டு தடவையாகச் செய்யுங்கள். முதல் ஆம்லெட் மூடிய தட்டில் 2 நிமிடம் சூடு ஆறாமல் இருக்கும். ஒரே ஒரு முட்டை என்றால் சிறிய பாத்திரம், ஓட்டம் ஒவ்வொன்றும் பாதி நேரம்.

முன்கூட்டியே தயார் செய்ய நினைப்பவர்கள் ஆம்லெட்டைச் செய்து வைப்பதைவிட, காயை வேகவைத்து வடித்து மூடிப் போட்டுக் குளிர்பெட்டியில் வைத்துக்கொள்வது நல்லது. மூன்று நாள் தாங்கும், காலையில் முட்டை அடிக்கும் வேலை மட்டும்தான். செய்த ஆம்லெட் மீந்துவிட்டால் 2 மணி நேரத்துக்குள் உள்ளே வைத்து, மூன்று நான்கு நாளுக்குள் சாப்பிட்டுவிடுங்கள். சூடாக்கும்போது 50 சதவீத பவரில், ஈரத் தாளால் மூடி, நன்றாக ஆவி பறக்கும் வரைக்கும். முதல் நாள் மென்மை திரும்பி வராது, ரொட்டிக்குள் வைத்துச் சாப்பிட்டால் தெரியாது.

பாத்திரத்தை உடனே கழுவ முடியாவிட்டால் குளிர்ந்த தண்ணீர் ஊற்றி ஊறவையுங்கள், வெந்நீர் ஊற்றினால் ஒட்டியிருக்கும் முட்டை இன்னும் உறைந்து பிடித்துக்கொள்ளும். கண்ணாடிப் பாத்திரம் என்றால் சூடு ஆறும்வரை பொறுத்துத்தான் ஊற்ற வேண்டும், இல்லையென்றால் விரிசல் விடும். மைக்ரோவேவுக்குள் தெறித்ததற்கும் வாடைக்கும், ஒரு கிண்ணத் தண்ணீரில் அரை எலுமிச்சம்பழம் பிழிந்து, தோலையும் அதிலேயே போட்டு, ஒரு மரக்கரண்டியையும் உள்ளே நிறுத்தி 3 நிமிடம் ஓட்டுங்கள். கரண்டி இருந்தால் தண்ணீர் திடீரென்று கொதித்துப் பொங்காது. கதவைத் திறக்காமல் 5 நிமிடம் விட்டு, பிறகு துணியால் துடைத்தால் காய்ந்த முட்டைகூடத் தேய்க்காமல் வந்துவிடும், கதவின் விளிம்பையும் மேல்கூரையையும் சேர்த்துத் துடையுங்கள், வாடை அங்கேதான் தங்கும்.